சேலம் பஸ்ஸில் ஏற்றப்பட்டவர்கள்

1985 ஜூலை 10 அன்று உச்ச நீதிமன்றம் வழங்கிய ஒரு தீர்ப்பின் தொடக்கத்தில் சேலத்துக்காரர் ஒருவரைப் பற்றிய குறிப்பு வருகிறது. நிலமில்லாத விவசாயக் கூலி. வறட்சியில் பிழைப்பு போய் 1961-இல் பம்பாய்க்குப் போனவர். தஹிசரில் ஒரு ரசாயனக் கம்பெனியில் நாள் கூலி 23 ரூபாய். மேற்கு விரைவு நெடுஞ்சாலையின் நடைபாதையில் பிளாஸ்டிக் தாளும் கித்தானும் போட்டு மூடிய ஓர் இருப்பிடத்துக்காக, அந்த இடத்தைத் தன் பிடியில் வைத்திருந்த ஒருவன் அவரிடம் 2,500 ரூபாய் பறித்துக்கொண்டான். நூறு நாள் கூலிக்கும் மேல். கூடவே மனைவி, 16, 13, 5 வயதுகளில் மூன்று மகள்கள். 1981 ஜூலை 23 அன்று மாநகராட்சி ஆட்கள் அந்த இருப்பிடத்தைப் பிய்த்துப் போட்டார்கள். குடும்பத்தைச் சேலத்துக்குப் பஸ் ஏற்றினார்கள். அவர் வேலை தேடித் திரும்பி வந்து மறுபடியும் ஒரு நடைபாதையில் குடியேறினார். மனைவியும் மகள்களும் சேலத்திலேயே தங்கிவிட்டார்கள்.

அந்தக் கடைசிச் செய்தியைத் தீர்ப்பு ஒரு வாக்கியத்துக்குள் சொல்லி முடித்துவிட்டு நகர்ந்துவிடுகிறது. ஓல்கா டெல்லிஸ் எதிர் பம்பாய் மாநகராட்சி என்ற இந்த வழக்கைச் சட்டம் படிக்கும் மாணவிகள் எல்லாரும் அறிவார்கள். அரசியல் சாசனத்தின் 21-ஆம் பிரிவு தரும் உயிர் வாழும் உரிமைக்குள் பிழைப்புக்கான உரிமையும் அடங்கும் என்று சொன்ன தீர்ப்பு. தேர்வில் கேட்பார்கள். நான் சட்டம் படித்தவள் அல்ல. ஒரு பிரதியை வாசிக்கிற பழக்கத்தில்தான் இதை வாசித்தேன். வாசித்தபோது, பிழைப்புரிமைப் பத்திகளை விடவும் சேலத்தில் தங்கிவிட்ட அந்த நால்வர்தான் என்னைப் பிடித்து நிறுத்தினார்கள். அவர்களுக்கும் சேர்த்துத்தானே இந்த வழக்கு? அவர்கள் அதில் எங்கே இருக்கிறார்கள்?

1981 ஜூலை 13. பருவமழை உச்சத்தில் இருக்கும் காலம். அன்றைய மகாராஷ்டிர முதலமைச்சர் ஏ. ஆர். அந்துலே ஓர் அறிவிப்பு செய்தார். பம்பாய் நடைபாதைகளில் குடியிருப்போர் அனைவரும் கட்டாயமாக அப்புறப்படுத்தப்பட்டு அவரவர் சொந்த ஊருக்கோ நகருக்கு வெளியிலோ அனுப்பப்படுவார்கள். போலீஸ் துணை நிற்கும். இப்படி வாழ்வது மனிதத்தன்மையற்றது, மழைக்காலத்தில் இந்தக் கூரைகளின் கீழ் யாரும் வசதியாக இருக்க முடியாது என்பது அவர் சொன்ன நியாயம். ஆகவே அந்த மழையிலேயே கூரையைப் பிடுங்கினார்கள்.

மக்கள் பம்பாய் உயர் நீதிமன்றத்துக்குப் போனார்கள். ஜூலை 21 வரை இடைக்காலத் தடை கிடைத்தது. அந்த நாள் வந்தபோது அக்டோபர் 15 வரை குடிசைகளை இடிக்க மாட்டோம் என்று அரசுத் தரப்பு ஒப்புக்கொண்டது. ஆனால் இரண்டே நாளில், ஜூலை 23 அன்று, தங்களை அரசுப் பேருந்துகளில் அடைத்து ஊரை விட்டு ஏற்றிவிட்டார்கள் என்பது மனுதாரர்களின் குற்றச்சாட்டு. அந்தப் பயணத்தில் இரண்டு குழந்தைகள் பிறந்தன, வேறு இரண்டு குழந்தைகள் இறந்தன என்று தீர்ப்பு பதிவு செய்கிறது. பிறப்பு இரண்டை இறப்பு இரண்டு ஈடு செய்துவிட்டதாகக் கணக்கு நேர் செய்யும் தொனியில் அந்த வாக்கியம் அமைந்திருக்கிறது. கசப்பில் எழுதப்பட்டதா, பழக்கத்தில் எழுதப்பட்டதா என்று எனக்குப் பிடிபடவில்லை. பெற்றவர்கள் யார், எந்த ஊர்ச் சாலையில் வலி கண்டது, பஸ்ஸை நிறுத்தினார்களா, தொப்புள்கொடியை எதைக் கொண்டு அறுத்தார்கள் என்பதெல்லாம் அதில் இல்லை. குடிசைகளை இடிக்க மாட்டோம் என்ற ஒப்புதல் இருந்தது. அது தாளில் இருந்தது.

தடையாணை என்ற சொல்லை நாம் எழுத்தில்தான் பயன்படுத்துகிறோம். பேச்சில் ‘ஸ்டே’. ‘ஸ்டே வாங்கியாச்சு’ என்று சொல்கிறவரின் குரலில் ஒரு நிமிர்வு இருக்கும். சட்டத்தின் கணக்கில் அதன் வேலை எளிது. வழக்கு முடிவதற்குள் வழக்குக்கு உரிய பொருளே அழிந்துவிடக் கூடாது, அதுவரை இருப்பது இருக்கட்டும் என்பது. இடித்த பிறகு வீடு சட்டப்படியானது என்று தீர்ப்பு வந்து என்ன பயன்? தமிழ் படித்தவளுக்கு இந்த இடத்தில் மதுரை நினைவுக்கு வராமல் போகாது. சிலப்பதிகாரத்தில் பாண்டியன் அவையில் நடப்பது தண்டனை நிறைவேறிய பின் நடக்கும் விசாரணை. கண்ணகி வாதத்தில் வென்றாள், சிலம்பு மாணிக்கம் சொன்னது, அரசனே தன் பிழையை ஏற்றான். கோவலன் அதற்குள் வெட்டுண்டு கிடந்தான். ஒரு வேளைக்கு ஒரு ஸ்டே கிடைத்திருந்தால் போதும்.

இந்தத் தடைகள் வாங்கித் தருவது காலத்தைத்தான். நடைபாதை வீட்டில் காலம் என்பது பெரும்பாலும் பெண்ணின் கைவேலை. இடித்துவிட்டுப் போன பிறகு மூங்கிலைத் தேடி எடுப்பது, கிழிந்த தாளைத் தைப்பது, நனைந்த அரிசியைக் காய வைப்பது, வேலைக்குப் போகும் வீட்டில் ஒரு நாள் வராததற்குக் காரணம் சொல்வது. மாநகராட்சி வந்ததும் இவர்கள் சந்துகளுக்குள் ஓடுகிறார்கள், அதிகாரிகள் போனதும் பழைய இடத்துக்கே வருகிறார்கள், கண்ணாமூச்சி ஆட்டம் போல என்று தீர்ப்பு எழுதுகிறது. ஒவ்வொரு சுற்றிலும் மூங்கிலும் பிளாஸ்டிக்கும் புதிதாக வாங்க வேண்டும். அதே வழக்கின் இன்னொரு மனுதாரர், சங்கம்நேரிலிருந்து வந்த செருப்புத் தைக்கும் தொழிலாளி, துளசிவாடியில் ஓர் இடத்துக்கு 300 ரூபாயை அந்த வட்டாரத்து ரவுடிக்குக் கொடுத்தார். மூங்கிலுக்கும் தாளுக்கும் 700 ரூபாய். அவருடைய மாதச் சம்பளம் 350. விளையாட்டுக்கு இவ்வளவு செலவா?

தீர்ப்பின் முதல் பக்கத்தில் பெண்கள் இருக்கிறார்கள். நடைபாதை வாழ்வு எப்படிப்பட்டது என்று காட்ட அன்றைய தலைமை நீதிபதி ஒய். வி. சந்திரசூட் ஒரு சித்திரம் வரைகிறார். அழுகல் இறைச்சி தேடும் வெறிநாய்கள், எலி தேடும் பூனைகள். கழிக்கும் இடத்திலேயே சமைத்து உறங்கும் மனிதர்கள். வயதுக்கு வந்த மகள்கள் வழிப்போக்கர்களின் பார்வையில், பெண்களுக்கு உரிய கூச்சத்தைப் பொருட்படுத்தாமல் குளிக்கிறார்கள். சமையலும் கழுவலும் முடிந்த பெண்கள் ஒருவர் தலையில் ஒருவர் பேன் பார்க்கிறார்கள். ஆண்கள் சங்கிலி பறிக்கிறார்கள். இரக்கத்தில் எழுதிய பத்தி என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. மேலும் இந்தத் தீர்ப்பு நடைபாதைவாசிகளைக் குற்றவாளிகள் என்று கருத மறுத்தது. வேறு போக்கிடமின்றிக் குடியேறுகிறவர்களிடம் குற்ற நோக்கம் இல்லை என்று தெளிவாகச் சொன்னது. இருந்தும் அந்த மகள்கள் அங்கே வருவது அசிங்கத்தின் சான்றாகத்தான். கூச்சத்தைப் பொருட்படுத்தாமல் என்று எழுத, குளிக்கிறவளிடம் யாராவது கேட்டார்களா? அவள் விடியுமுன் எழுந்து, சேலையைக் கயிற்றில் கட்டி மறைத்து, பாவாடையை மார்புக்கு ஏற்றிக் கட்டிக்கொண்டு குளித்தாளா என்று பார்க்க அந்தப் பத்தியில் இடமில்லை. குழாயும் மறைப்பும் தர வேண்டிய மாநகராட்சி அங்கே எதிர்த்தரப்பாக நின்றது; அதன் கூச்சத்தைப் பற்றி யாரும் எழுதவில்லை. இதே தீர்ப்பில் காமராஜ் நகர் என்ற குடியிருப்பு வருகிறது. பெயரே ஊரைச் சொல்லிவிடும். கூடச் சேர்த்து விசாரிக்கப்பட்ட அந்த மனுவின் தலைப்பிலும் ஒரு தமிழ்ப் பெயர்தான். வில்லே பார்லே அருகே, நெடுஞ்சாலை ஓரமாக நகரத்துக்குத் தண்ணீர்க் குழாய் பதிக்கும் வேலைக்கு 1960 வாக்கில் வந்தவர்கள் கட்டிய குடிசைகள் அவை.

தீர்ப்பு கொடுத்ததையும் எடுத்ததையும் சொல்லிவிட வேண்டும். 1888-ஆம் ஆண்டின் பம்பாய் மாநகராட்சிச் சட்டத்தில் 314-ஆம் பிரிவு, நடைபாதை ஆக்கிரமிப்பை முன்னறிவிப்பு இல்லாமலே அகற்ற ஆணையருக்கு அதிகாரம் தருகிறது. அந்தப் பிரிவு செல்லும் என்று நீதிமன்றம் சொன்னது. ஆனால் அது ஆணையருக்கு அளிக்கப்பட்ட விருப்புரிமைதான், வழக்கமாக அறிவிப்பும் கொடுக்க வேண்டும், அவர்கள் தரப்பையும் கேட்க வேண்டும் என்று விளக்கம் தந்தது. கேட்கப்படுவது என்பதற்கே ஒரு மதிப்பு உண்டு, அதன் முடிவு எதுவாக இருந்தாலும் சரி என்று நல்ல வரிகள் அங்கே உண்டு. அடுத்த படியில்தான் சிக்கல். ஆணையர் இவர்களைக் கேட்கவில்லை. ஆனால் நாங்கள் தாராளமாகக் கேட்டுவிட்டோம், ஆகவே இனி ஆணையர் கேட்க வேண்டியதில்லை என்று நீதிமன்றம் முடித்துக்கொண்டது.

யாரைக் கேட்டார்கள்? அந்த முதல் மனுவில் நடைபாதைவாசிகளாக இருந்தவர்கள் இரண்டு ஆண்கள். மூன்றாமவர் பத்திரிகையாளர் ஓல்கா டெல்லிஸ். வாதாடியவர்களில் இந்திரா ஜெய்சிங் இருந்தார். வழக்குக்குப் பெயர் தந்ததும் ஒரு பெண், வாதத்தைச் சுமந்தவர்களில் ஒருவரும் பெண். இதை நாம் பெருமையாகச் சொல்லிக்கொள்ளலாம், சொல்லவும் வேண்டும். ஆனால் அந்த இருவரும் நடைபாதையில் சமைத்தவர்கள் அல்லர். பஸ்ஸில் பெற்றவர்களிடமிருந்து ஒரு பிரமாணப் பத்திரம் வந்ததாகத் தீர்ப்பில் தெரியவில்லை. நால்வர் சேலத்தில் இருந்தார்கள். நகரத்து நடைபாதைப் பெண்கள் எல்லாரும் இந்த விசாரணையில் ‘கேட்கப்பட்டவர்கள்’ கணக்கில் வந்துவிட்டார்கள்.

நிவாரணம் இப்படி இருந்தது. மழைக்காலம் முடிந்து ஒரு மாதம் வரை, அதாவது 1985 அக்டோபர் 31 வரை, நடைபாதைக் குடிசைகளை அகற்றக் கூடாது. 1976 கணக்கெடுப்பில் அட்டை பெற்றவர்களுக்கு மாற்று இடம். இருபது ஆண்டுக்கும் மேலாக இருந்து, மேம்படுத்தவும்பட்ட குடிசைப் பகுதிகளைப் பொதுத் தேவை இருந்தாலொழிய அகற்றக் கூடாது. அட்டை என்றதும் வீட்டின் எந்தப் பெயர், எந்தக் கை என்ற கேள்வி வந்துவிடுகிறது. ரேஷன் அட்டையில் குடும்பத்தின் மூத்த பெண்ணைத் தலைவி என்று எழுத 2013-இன் உணவுப் பாதுகாப்புச் சட்டம் வர வேண்டியிருந்தது. நடைபாதைவாசிகளிலோ பலர் 1976 கணக்கெடுப்பிலேயே இல்லை. எண்ணப்படாதவர்களுக்கு அட்டை ஏது?

எண்ணியது வேறு ஆட்கள். 1984-இல் பம்பாயில் தொடங்கப்பட்ட ஸ்பார்க் அமைப்பு பைகுல்லா நடைபாதைப் பெண்களோடு வேலை செய்துகொண்டிருந்தது. தீர்ப்பு வந்த ஆண்டிலேயே அவர்கள் ஒரு கணக்கெடுப்பு நடத்தினார்கள். சுமார் 6,000 குடும்பங்கள், 27,000 பேர். ‘நாங்கள், கண்ணுக்குத் தெரியாதவர்கள்’ என்று பொருள்படும் தலைப்பில் அது வெளியானது. அந்தப் பெண்களிலிருந்து மகிளா மிலன் உருவானது. சில்லறை சேர்த்தார்கள். தங்களுக்கு எப்படிப்பட்ட வீடு வேண்டும் என்று தாங்களே மாதிரி கட்டிப் பார்த்தார்கள். உள்ளே ஒரு பரண் தளம் போடும்படி 14 அடி உயரக் கூரை என்பது அவர்கள் முடிவு. கீழே சமையலும் விருந்தும், மேலே தூக்கமும் உடை மாற்றலும். ‘கூச்சத்தைப் பொருட்படுத்தாத’ பெண்கள் கேட்ட வீடு இது. இவர்களோடு கைகோத்த தேசியக் குடிசைவாசிகள் கூட்டமைப்பின் தலைவர் ஜோக்கின் அற்புதம், கோலார் தங்கவயலில் பிறந்தவர். மான்கூர்த் ஜனதா காலனியைக் காப்பாற்ற ஆண்டுக்கணக்கில் போராடி, நெருக்கடி நிலைக் காலத்தில், 1976-இல், அது இடிபடுவதைக் கண்ணால் பார்த்தவர். ஏறத்தாழ 70,000 பேர் அங்கிருந்து சீத்தா கேம்ப்புக்கு மாற்றப்பட்டார்கள். தடையாணையை மட்டும் நம்பி இருக்க முடியாது என்பது அந்தத் தலைமுறைக்கு இப்படித்தான் தெரிந்தது.

சட்டவிரோதக் கட்டடம் என்று சொன்னாலே நம் மனத்தில் குடிசை வருவதற்கு ஒரு வரலாறு உண்டு. புறம்போக்கு என்பது வரி விதிக்கப்படாத நிலத்துக்கு வருவாய்த் துறை வைத்த பெயர். அதை மனிதரைத் திட்டும் சொல்லாக மாற்றியது நாம். ஆனால் அதே பம்பாயில், வொர்லியில், ஐந்து மாடிக்கு அனுமதி வாங்கி அதற்கு மேல் பல மாடிகள் எழுப்பிய கேம்பா கோலா வளாகம் நின்றது. மேல் மாடிகளை இடிக்க வேண்டும் என்று 2013 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. நவம்பரில் புல்டோசர் வாசலுக்கு வந்தது. குடியிருப்போர், அவர்களில் நிறையப் பெண்கள், கதவைப் பூட்டி வாசலில் நின்றார்கள். தொலைக்காட்சி நேரலையில் நாடு பார்த்தது. நவம்பர் 13 காலை உச்ச நீதிமன்றம் தானாகவே முன்வந்து 2014 மே 31 வரை இடிப்பை நிறுத்தியது. பிப்ரவரித் தீர்ப்பைத் தந்த அதே நீதிபதி ஜி. எஸ். சிங்வி, செய்திகள் தன்னை மிகவும் கலங்கடித்ததாகச் சொன்னார்.

அந்தப் பெண்களுக்குக் கிடைத்த ஆறு மாதத்தை நான் பறிக்க விரும்பவில்லை. பில்டர் செய்த மோசடிக்கு ஆயுள் சேமிப்பை இழந்தவர்கள் அவர்கள், அழுகை உண்மையானது. ஒரு நீதிபதி கலங்குவதும் நல்லதுதான். 2000-ஆம் ஆண்டில் அல்மித்ரா படேல் வழக்கில் அதே உச்ச நீதிமன்றம், ஆக்கிரமிப்பாளருக்கு மாற்று இடம் கொடுப்பது ஜேப்படிக்காரனுக்குப் பரிசு கொடுப்பதைப் போன்றது என்று சொன்னதையும் பக்கத்தில் வைத்துப் பார்க்கச் சொல்கிறேன், அவ்வளவுதான். தமிழ்நாட்டில் விதிமீறிய கட்டடங்களைக் கட்டணம் வாங்கி வரன்முறைப்படுத்த நகரமைப்புச் சட்டத்தில் 113-ஏ என்று ஒரு பிரிவையே 1998-இல் சேர்த்தோம். ஒரே முறை என்று சொன்ன சலுகை, 2012-இல் 113-சி என்று இன்னொரு எழுத்தோடு திரும்பி வந்தது. கூவம் கரைக் குடிசைக்கு அப்படி ஓர் எழுத்து இல்லை.

சென்னையில் அந்தக் கரைப் பெண்களுக்குக் கிடைத்தது பெயர். நகரத்தின் பல பகுதிகளிலிருந்து அகற்றப்பட்டவர்களுக்காக ஒக்கியம் துரைப்பாக்கத்தில் 2000-இலிருந்து குடியேற்றப்பட்ட அடுக்கு வீடுகளுக்குக் கண்ணகி நகர் என்று பெயர் வைத்தோம். வீட்டைவிட்டு வெளியேறிய பெண்ணின் பெயர், விசாரணையில்லாமல் தண்டித்த ஆட்சியைக் கேள்வி கேட்ட பெண்ணின் பெயர். வைத்தவர்கள் இதை யோசித்திருக்க மாட்டார்கள். 2015 வெள்ளத்துக்குப் பிறகு கரையோரக் குடும்பங்கள் பெரும்பாக்கத்துக்கு அனுப்பப்பட்டன. நீர்நிலை ஆக்கிரமிப்பை அகற்றச் சொல்லும் நீதிமன்ற ஆணைகளும் இதன் பின்னால் இருந்தன. குடிசை மாற்று வாரியம் 2021-இல் நகர்ப்புற வாழ்விட மேம்பாட்டு வாரியம் ஆனது. நகரின் நடுவே நாலு வீட்டில் பாத்திரம் துலக்கி, மதியம் பிள்ளைக்குச் சோறு போட நடந்தே வந்தவளுக்கு இப்போது 20 கிலோமீட்டருக்கும் மேல் பஸ். ஓல்கா டெல்லிஸ் தீர்ப்பு பிழைப்புரிமை பற்றிச் சொன்னதன் உயிர் இங்கேதான் இருந்தது: இவர்கள் நடைபாதையைத் தேர்வதற்குக் காரணம் வேலையிடம் பக்கத்தில் இருப்பது, போக வர ஆகும் நேரமும் செலவும் இவர்களால் தாங்க முடியாதவை. வீட்டைக் கொடுத்து அந்தப் பக்கத்தை எடுத்துவிட்டார்கள். வேலையை விட்டவர்களில் யார் அதிகம் என்று கேட்டால் கண்ணகி நகரில் எந்த மாடிப்படியிலும் பதில் கிடைக்கும்.

2022 ஏப்ரல் 20, தில்லி ஜஹாங்கீர்புரி. காலையில் புல்டோசர்கள் வேலையைத் தொடங்கின. இருப்பது இருக்கட்டும் என்று உச்ச நீதிமன்றம் ஆணையிட்டது. ஆணை கையில் வரவில்லை என்று சொல்லி இடிப்பு ஒரு மணி நேரத்துக்கு மேல் தொடர்ந்தது. பிருந்தா காரத் ஆணையின் நகலை எடுத்துக்கொண்டு போய் புல்டோசருக்கு முன்னால் நின்றார். 1981 ஜூலையில் பம்பாயில் நடந்ததை அறிந்தவர்களுக்கு இதில் புதிதாக ஒன்றுதான் இருந்தது. தாளில் இருந்த தடையை ஒரு பெண் உடம்போடு கொண்டுவந்து நிறுத்தினார்.

பிறகு 2024 நவம்பர் 13. குற்றம் சாட்டப்பட்டவரின் வீட்டை இடிப்பது பற்றிய வழக்குகளில் நீதிபதிகள் பி. ஆர். கவாய், கே. வி. விஸ்வநாதன் அமர்வு நாடு முழுமைக்கும் நெறிமுறைகள் வகுத்தது. 15 நாள் முன்னறிவிப்பு. பதிவுத் தபாலில் அனுப்பவும் வேண்டும், கட்டடத்தின் மேல் ஒட்டவும் வேண்டும். நேரில் விசாரணை. இடிப்பதை வீடியோ எடுக்க வேண்டும். மீறும் அதிகாரி தன் பணத்தில் ஈடுகட்ட வேண்டியிருக்கும். பெண்களும் குழந்தைகளும் முதியவர்களும் ஒரே இரவில் தெருவுக்கு இழுத்து வரப்படுவது மகிழ்ச்சியான காட்சி அல்ல என்றும், சில நாள் பொறுத்தால் வானம் இடிந்து விழாது என்றும் நீதிபதிகள் எழுதினார்கள். நாற்பது ஆண்டுக்குப் பிறகு தீர்ப்பில் பெண் வேறு மாதிரி வருகிறாள். பேன் பார்க்கிறவளாக அல்லாமல் இழுக்கப்படுகிறவளாக. முன்னேற்றம்தான், மாணவிகள் இதை வரிக்கு வரி படிக்க வேண்டும்.

படிக்கும்போது விதிவிலக்கையும் படியுங்கள். சாலை, தெரு, நடைபாதை, ரயில் பாதை ஓரம், ஆறு மற்றும் நீர்நிலை போன்ற பொது இடங்களில் இருக்கும் அனுமதியற்ற கட்டுமானங்களுக்கு இந்த நெறிமுறைகள் பொருந்தாது. நீதிமன்றமே இடிக்கச் சொன்ன இடங்களுக்கும் பொருந்தாது. மேற்கு விரைவு நெடுஞ்சாலை நடைபாதையில் பிளாஸ்டிக் தாள் போட்டு இருந்த ஐந்து பேர் இன்று அங்கே இருந்தால், அவர்கள் வீட்டுக்கு 15 நாள் இல்லை, பதிவுத் தபால் இல்லை, வீடியோ இல்லை. அவர்களுக்கு மிஞ்சுவது 314-ஆம் பிரிவும், அதைப் பயன்படுத்துமுன் வழக்கமாகக் கேட்க வேண்டும் என்ற 1985-இன் வாக்கியமும்.